முதலாளியிடம் சொன்னது

அந்தக் கண்ணாடிக் கடையில் அண்ணனும் தம்பியும் பேசிக்கொள்வதில்லை. ஒரு நாள் இரண்டு நாளாக அல்ல, நாலு வருஷமாக. பேச்சு வார்த்தை இல்லாமல் வியாபாரம் எப்படி நடக்கும் என்று கேட்பீர்கள். நடந்தது. அண்ணன் முன்னறையில் கண் பரிசோதித்துச் சீட்டு எழுதுவார். தம்பி பின்னறையில் லென்ஸைத் தேய்த்து ஃபிரேமில் பூட்டுவான். சுவரில் இருந்த சின்ன ஜன்னல் வழியாகச் சீட்டு உள்ளே போகும், மூக்குக்கண்ணாடி வெளியே வரும். சீட்டில் அடங்காத விஷயங்களுக்குத்தான் முதலாளி.

முதலாளி என்பது பூனை. சாம்பல் நிறம், பன்னிரண்டு வயசு. குட்டியாக இருந்தபோதே ஏதோ நோவில் இடது கண் போய்விட்டது. மிச்சமிருந்த வலது கண்ணை வைத்துக்கொண்டு முன்னறை மேசைமேல் உட்கார்ந்து, வருகிறவர் போகிறவர் எல்லோரையும் மேற்பார்வை பார்த்ததால் அந்தப் பெயர்.

"முதலாளி, உங்க சித்தப்பாகிட்ட சொல்லு, டீச்சரம்மாவுக்குக் கண்ணாடி இன்னைக்கே வேணுமாம்" என்பார் அண்ணன்.

"முதலாளி, உங்க பெரியப்பாகிட்ட சொல்லு, எனக்கு இருக்கிறது ரெண்டு கைதான்" என்று பின்னறையிலிருந்து பதில் வரும்.

ஒருவர் பெரியப்பா, ஒருவன் சித்தப்பா. அப்பா யார் என்பது முதலாளிக்கே வெளிச்சம். அண்ணனின் மனைவி ஆரம்பத்தில் ஒரு மாதம் இரண்டு பேருக்கும் நடுவே தூது போய்ப் பார்த்தாள். அப்புறம், "பூனைக்கு இருக்கிற பொறுமை எனக்கு இல்லப்பா" என்று பெரிய கும்பிடாகப் போட்டுவிட்டு ஒதுங்கிக்கொண்டாள்.

சண்டை வந்தது ஒரு மூக்குக்கண்ணாடியால். ஒரு அம்மாவுக்குச் செய்து கொடுத்ததில் வலது லென்ஸ் இடதிலும் இடது வலதிலும் மாறிப்போயிருந்தது. அந்த அம்மா அதை மாட்டிக்கொண்டு மாடிப்படி இறங்கி, படியே இல்லாத இடத்தில் காலை வைத்து, மணிக்கட்டை உடைத்துக்கொண்டாள். கட்டுப் போட்ட கையோடு வந்து கடை நடுவில் நின்று, "யார் செஞ்ச வேலை இது?" என்று கேட்டாள். அண்ணன் தம்பியைக் காட்டினார், தம்பி அண்ணனைக் காட்டினான். சீட்டிலேயே மாற்றி எழுதியதா, சரியாக எழுதியதை மாற்றிப் பூட்டியதா? அந்த அம்மா போன பிறகு, ராத்திரி சீட்டைத் தேடினால் சீட்டைக் காணோம். அன்றைக்கு வாய்க்கு வந்ததையெல்லாம் பேசித் தீர்த்தார்கள். தீர்த்ததால்தானோ என்னவோ, மறுநாளிலிருந்து பேச ஒன்றும் மிச்சமில்லை.

சரி, பூனையின் கண்ணுக்கு வருவோம்.

மூன்று வாரத்துக்கு முன்னால் முதலாளி மேசையிலிருந்து நாற்காலிக்குத் தாவியது. நாற்காலிக்கு ஒரு சாண் முன்னாலேயே தொப்பென்று தரையில் விழுந்தது. எழுந்து, நாற்காலி தன்னை ஏமாற்றிவிட்டது போல அதைச் சுற்றிச் சுற்றி வந்தது. தம்பிதான் அதைக் கூடையில் வைத்து, விலங்குகளுக்குக் கண் பார்க்கிற டாக்டரம்மாவிடம் தூக்கிப் போனான். திரும்பி வந்து கூடையை மேசைமேல் இறக்கிவைத்து, வழக்கம்போல் சேதி சொன்னான்.

"முதலாளி, நல்லாக் கேட்டுக்கோ. உன் கண்ணுக்குள்ள லென்ஸைச் சுத்திக் கட்டி நிறுத்தியிருக்கிற நூல் அறுந்துபோச்சு. லென்ஸ் இடம் மாறிப் பின்பக்கம் சரிஞ்சு கிடக்கு. கண்பாப்பாவைச் சுருக்கிற சொட்டு மருந்து குடுத்திருக்காங்க. பாப்பா சின்னதா இருந்தா லென்ஸ் அதைத் தாண்டி முன்னாடி வராது. காலைல உங்க பெரியப்பா விடணும், சாயங்காலம் நான் விடுறேன்."

இதுவரைக்கும் அண்ணன் காதில் விழுந்தது. அப்போது அவர் முன்னறையை ஒட்டிய இருட்டறையில் ஒரு பெரியவருக்குக் கண் பரிசோதித்துக்கொண்டிருந்தார். "படிங்க" என்று அவர் சொன்னதும் பெரியவர் ஊருக்கே கேட்கிற குரலில் எழுத்துகளைப் படிக்க ஆரம்பித்தார். அந்த இரைச்சலுக்கு அப்பால் தம்பி இன்னும் என்னமோ சொன்னான். சொன்னான் என்பது மட்டும்தான் தெரிந்தது. பெரியவர் போன பிறகு வெளியே வந்து, "கடைசியா என்னடா சொன்ன?" என்று ஒரே ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். அவராவது, கேட்பதாவது. முக்கியமானது காதில் விழுந்துவிட்டது, மிச்சம் ஏதோ வளவளப்பாக இருக்கும் என்று அதோடு விட்டுவிட்டார்.

மூன்று வாரம் மருந்து ஒழுங்காகவே நடந்தது. திங்கட்கிழமை காலையில் அண்ணன் ஷட்டரைத் தூக்கிவிட்டு மேசைப் பக்கம் வந்தால், முதலாளி கண்ணை இடுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தது. தாடையைப் பிடித்து வெளிச்சத்துக்குத் திருப்பினார். கண்ணின் முன்பக்கம், கண்பாப்பாவுக்கு வெளியே, ஒரு வட்டமான கண்ணாடிச் சில்லு நின்றது. ஓரம் பளபளத்தது. முப்பது வருஷம் லென்ஸோடு புரண்ட மனுஷன் அவர். இருந்தாலும், நாலு பக்கமும் அடைத்த ஒரு கண்ணுக்குள் ஒரு லென்ஸ் தானாக நடந்து முன்னால் வந்து நிற்கும் என்று அவர் நினைத்ததில்லை. உள்ளே இருக்க வேண்டியது வெளியே ஏன் வந்தது? வராமல் இருக்கத்தானே மருந்து? மருந்து விட்டும் வந்ததென்றால் மருந்து போதவில்லை என்று அர்த்தமா? தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை.

புரியாதபோது சும்மா இருந்திருக்கலாம். ஆனால் கை சும்மா இருக்கவில்லை. ஒரு சொட்டு விட்டார். பாப்பா சுருங்கி மெல்லிய கோடு போல ஆனது. லென்ஸ் நின்ற இடத்திலேயே நின்றது. கால் மணி நேரம் பார்த்துவிட்டு இன்னொரு சொட்டு விட்டார். முதலாளி அவர் கையை உதறிக்கொண்டு அலமாரிக்கு அடியில் போய்ப் புகுந்துகொண்டது. எத்தனை கூப்பிட்டும் வெளியே வரவில்லை. குனிந்து பார்த்தால் கண்ணிலிருந்து நீர் ஒழுகிக்கொண்டிருந்தது. அவருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை.

பத்து மணிக்குத் தம்பி வந்தான். அண்ணன் அலமாரியைப் பார்த்துக் குனிந்தபடியே, "முதலாளி, சித்தப்பா வந்தாச்சு. கண்ணைக் காட்டு" என்றார். தம்பி தரையில் படுத்துப் பூனையை இழுத்து எடுத்தான். கண்ணைப் பார்த்தவன் முகத்தில் ஈயாடவில்லை. "முதலாளி, வா, இப்பவே போகணும்" என்று கூடையை எடுத்தான். அண்ணனும் சாவியை எடுத்துக்கொண்டு பின்னாலேயே போனார். பட்டப்பகலில் ஷட்டரை இறக்குவதைப் பார்த்து எதிர்க்கடைத் தையல்காரர், "யாரு தவறிட்டாங்க?" என்று கேட்டார்.

வாடகை வண்டியில் கூடை நடுவில் இருந்தது. வழியெல்லாம் இரண்டு பேரும் அதனிடம் ஆறுதல் சொல்லிக்கொண்டே வந்தார்கள். ஓட்டுநர் கண்ணாடியில் அடிக்கடி பின்னால் பார்த்தார்.

டாக்டரம்மா குள்ளம். பேச்சில் சுருக்கம், கையில் வேகம். பேனா மாதிரி ஒரு கருவியைக் கண்மேல் தொட்டுத் தொட்டு எடுத்தார்.

"அழுத்தம் நாப்பத்தெட்டு. இருபத்தஞ்சுக்குள்ள இருக்கணும். லென்ஸ் முன்னாடி வந்து தண்ணி வெளியே போற வழியை அடைச்சிடுச்சு" என்றார். அறை விளக்கை அணைத்துவிட்டுப் பளீரென்ற ஒரு விளக்கைக் கண்ணுக்குள் அடித்தார். முதலாளியின் இமை அசைந்ததா இல்லையா என்று சொல்ல முடியவில்லை. மறுபடி அடித்தார். புருவத்தைச் சுருக்கினார்.

"ஒண்ணு மட்டும் எனக்குப் புரியல. இவ்வளவு அழுத்தம் ஏறின கண்ல பாப்பா விரிஞ்சு கிடக்கணும். இது இப்படி இறுகிப்போய் இருக்கு. இன்னைக்குச் சொட்டு மருந்து விட்டீங்களா?"

"இல்ல டாக்டர்" என்றான் தம்பி உடனே. "லென்ஸ் முன்னாடி வந்துட்டா மருந்தை அந்த நிமிஷமே நிறுத்திடணும், பாப்பா சுருங்கினா லென்ஸ் முன்னாடியே மாட்டிக்கும்னு நீங்க சொன்னீங்கல்ல. அதை அன்னைக்கே சொல்லிட்டேன். அண்ணன் விட்டிருக்க மாட்டார்."

அண்ணனுக்குக் காது அடைத்தது. இதுவா அந்த மிச்சம்? பெரியவர் எழுத்துப் படித்த இரைச்சலில் போனது இதுதானா? சொல்ல வேண்டும் என்று வாயைத் திறந்தார். எதைச் சொல்வது? யாரிடம் சொல்வது? டாக்டரிடம் சொன்னால் தம்பி காதில் விழும். பூனையிடம் சொல்ல முடியாது, அதன் கண்ணிலேயே செய்த காரியம் அது.

டாக்டர் பெருமூச்சு விட்டார். "அப்படின்னா கண்ணுக்குள்ள ரொம்ப நாளா வீக்கம் இருந்து, பாப்பாவே லென்ஸோட ஒட்டிப்போயிருக்கணும். வெளிச்சத்துக்கும் பதில் இல்ல. உள்ள நரம்பு செத்துப்போன கண்ணுல லென்ஸை எடுத்துப் பிரயோஜனம் இல்லைங்க. வலி மட்டும்தான் மிஞ்சும். கண்ணையே எடுத்துடறதுதான் அதுக்கு நல்லது."

"இன்னொரு கண்ணும் இல்லையே டாக்டர்" என்றான் தம்பி.

"தெரியும். கண்ணு தெரியாத பூனைங்க நல்லாவே வாழும். வலியோட வாழறதுதான் கஷ்டம்." அவர் ஒரு தாளை அண்ணன் பக்கம் நகர்த்தினார். "மூத்தவர் நீங்கதானே? படிச்சுப் பார்த்துக் கையெழுத்துப் போடுங்க."

அண்ணன் பேனாவை வாங்கினார். தாளில் எழுத்துகள் நீந்தின. மேசைமேல் முதலாளி அவர் முழங்கையில் தாடையை வைத்துப் படுத்திருந்தது. அதற்கு யார்மேலும் கோபம் இருந்ததாகத் தெரியவில்லை. கையெழுத்துப் போடுகிற கோட்டின்மேல் பேனா நின்றது. பயம் என்றால் அப்படி ஒரு பயம் அவருக்கு. அவமானம் என்றால் அதுவும்தான்.

"ரெண்டு சொட்டு விட்டேன்" என்றார்.

டாக்டர் நிமிர்ந்தார். "என்ன?"

"காலைல. லென்ஸ் முன்னாடி வந்ததைப் பார்த்துட்டுத்தான் விட்டேன். ஒன்பதே காலுக்கு ஒண்ணு, ஒன்பதரைக்கு ஒண்ணு. உள்ள தள்ளும்னு நெனச்சேன்."

"முன்னாடி வந்தா விடக்கூடாதுன்னு உங்ககிட்ட சொல்லலையா?"

"எங்கிட்ட யாரும் சொல்லல."

"சொன்னேன் டாக்டர்" என்றான் தம்பி. "கடைக்குள்ள நுழைஞ்சதும் முதல் வேலையா அதைத்தான் சொன்னேன்."

"யார்கிட்ட சொன்னீங்க?"

"முதலாளிகிட்ட."

"சரி, அந்த முதலாளியைக் கூப்பிடுங்க. அவர் ஏன் இவர்கிட்ட சொல்லலைன்னு கேப்போம்" என்றார் டாக்டர்.

அண்ணனும் தம்பியும் பூனையைப் பார்த்தார்கள். டாக்டரும் பூனையைப் பார்த்தார். பிறகு அவர்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். விஷயம் அவருக்கு மெல்ல மெல்லப் புரிந்தது. புரிந்ததை நம்புவதற்கு இன்னும் கொஞ்ச நேரம் பிடித்தது.

"எனக்குக் குடும்ப விஷயம் வேண்டாம்" என்றார் கடைசியில். "நீங்க சொன்னது நல்லதாப் போச்சு. பாப்பா இறுகியிருக்கிறது மருந்தால. ஒட்டிப்போகல. அதனாலதான் வெளிச்சமும் உள்ள சரியாப் போகல. பார்வை மிச்சம் இருக்கலாம். இருக்கும்னு சொல்லல, இருக்கலாம்." கையெழுத்துப் போடாத தாளைத் தன் பக்கம் இழுத்து இரண்டாகக் கிழித்துவிட்டு வேறு தாள் எடுத்தார். "முதல்ல நரம்புல மருந்து ஏத்தி அழுத்தத்தைக் குறைக்கணும். அப்புறம் மயக்கம் குடுத்து, கருவிழி ஓரமா அரைவட்டமா வெட்டி, லென்ஸை அதோட உறை கிழியாம முழுசா வெளியே எடுக்கணும். முடியை விட மெல்லிசான நூல்ல தைக்கணும். பன்னெண்டு வயசு, மயக்க மருந்துலயே ஆபத்து இருக்கு. எடுத்த பிறகும் அழுத்தம் ஏறலாம். சம்மதமா?"

"வேற லென்ஸ் வைப்பீங்களா?" என்று கேட்டார் அண்ணன். தொழில் புத்தி விடுமா?

"இந்தக் கண்ல வைக்க முடியாது. பிடிச்சு நிறுத்த நூல் இல்லையே. கிட்டத்துல இருக்கிறது மங்கலாத் தெரியும். நடமாட்டத்துக்குக் குறை இருக்காது."

லென்ஸ் இல்லாத கண் என்றால் ப்ளஸ் பதினாலாவது போட வேண்டியிருக்கும் என்று அண்ணன் மனசு தன்பாட்டுக்குக் கணக்குப் போட்டது. பூனை மூக்கில் எந்த ஃபிரேம் நிற்கும் என்பது வரைக்கும் போய்விட்டது.

"எலி பிடிக்குமா டாக்டர்?" என்றான் தம்பி.

"இதுவரைக்கும் பிடிச்சிருக்கா?"

"இல்ல."

"அப்ப ஏன் இப்போ கவலை?" என்று சொல்லிவிட்டு டாக்டர் முதலாளியைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனார். அண்ணன் கையெழுத்துப் போட்டார்.

கூடத்தில் நீள பெஞ்சு ஒன்று இருந்தது. ஒரு கோடியில் அண்ணன், மறு கோடியில் தம்பி, நடுவில் காலிக் கூடை. சுவரில் நாய்களுக்குப் பல் தேய்ப்பது எப்படி என்று ஒரு படம். அதை அண்ணன் நாலைந்து தடவை படித்தார். ஒன்றும் தலையில் ஏறவில்லை. அழுத்தம் குறைந்ததா, மயக்கம் கொடுத்துவிட்டார்களா, இந்நேரம் கண்ணை வெட்டியிருப்பார்களா? தெரிந்துகொள்ள ஒரு வழியும் இல்லை. பக்கத்தில் இருப்பவனிடம் ஒரு வார்த்தை பேசினால் நெஞ்சு கொஞ்சம் இளகும். பேச ஆள் இருக்கிறது, வழிதான் இல்லை.

ஒரு மணி நேரம் கழிந்திருக்கும். தம்பி தொண்டையைச் செருமினான். பேச்சைக் கூடையைப் பார்த்து ஆரம்பித்தான்.

"உங்க பெரியப்பா காதுல மருந்து விஷயம் விழலைன்னா, மத்ததும் விழுந்திருக்காதோ?"

அண்ணன் கூடையைப் பார்த்தார். காலிக் கூடை. அதற்குள் ஒரு பழைய துண்டு மட்டும் கிடந்தது. மத்தது என்றால் எது?

"மூணு வருஷம் முந்தி ஒரு மழை நாள்ல சொன்னேன்" என்றான் தம்பி, இன்னும் கூடையிடம்தான். "அந்த அம்மா கண்ணாடியை மாத்திப் பூட்டினது நானாத்தான் இருக்கணும், மன்னிச்சிடச் சொல்லுன்னு. பின்னறைலேர்ந்து எழுந்து வந்து, மேசைகிட்ட நின்னு சொன்னேன். இருட்டறைக் கதவு திறந்துதான் இருந்துச்சு. பதிலே வரல. சரி, மனசு ஆறலை போலன்னு விட்டுட்டேன்."

அண்ணனுக்கு எல்லாம் குழம்பிப்போனது. மழை நாளா? எந்த மழை நாள்? இருட்டறையில் விளக்கை அணைத்துவிட்டு அவர் சில மத்தியானங்களில் கண்ணயர்வது உண்டு. அப்போதா? இல்லை, காதில் விழுந்தும் பூனையோடு ஏதோ கொஞ்சுகிறான் என்று இருந்துவிட்டாரா? எத்தனை யோசித்தாலும் பிடிபடவில்லை. அதைவிடப் பெரிய குழப்பம் இன்னொன்று. அந்தச் சீட்டை அவர்தான் கிழித்துப் போட்டார். அந்த அம்மா வந்துபோன சாயங்காலமே, சீட்டுக் கட்டிலிருந்து உருவி, பிரித்துப் பார்க்காமலே கிழித்துக் குப்பையில் போட்டார். மாற்றி எழுதியது தான்தான் என்று அவ்வளவு பயம் அவருக்கு. நாலு வருஷமாகத் தம்பி பேசாமல் இருப்பதைப் பார்த்து, சீட்டைக் கிழித்தது அவனுக்குத் தெரிந்துவிட்டது, அதனால்தான் முகம் பார்க்க மாட்டேன் என்கிறான் என்று நினைத்துக்கொண்டிருந்தார். இவன் என்னடாவென்றால் மன்னிப்புக் கேட்டேன் என்கிறான். அப்படியானால் யார்தான் மாற்றியது?

கூடையைப் பார்த்து வாயைத் திறந்தார். "முத..." என்று தொடங்கியவர் நிறுத்திக்கொண்டார். காலையில் நடந்தது போதாதா? கூடையைத் தூக்கிக் கீழே வைத்துவிட்டு, பெஞ்சின் நடுவுக்கு நகர்ந்து உட்கார்ந்தார்.

"டேய், எங்கிட்ட சொல்லு" என்றார்.

தம்பி நிமிரவில்லை. உதடு மட்டும் அசைந்தது. அந்த நேரம் பார்த்துக் கதவு திறந்தது.

"லென்ஸ் முழுசா வந்துடுச்சு" என்றார் டாக்டர். முகமூடி கழுத்தில் தொங்கியது. "உறை கிழியல. அழுத்தம் இறங்கியிருக்கு. இப்பதான் மயக்கம் தெளியுது. விளக்கை அடிச்சேன், முகத்தைத் திருப்பிக்கிச்சு. இன்னொரு தடவை அடிச்சேன், என்மேல சீறிச்சு. பார்வை இருக்கு."

அண்ணன் எழுந்தார், மறுபடி உட்கார்ந்தார். கண் கலங்கியதை மறைக்க அவருக்குத் தெரியவில்லை. முயற்சி செய்யவும் இல்லை.

"இனிமேதான் வேலை இருக்கு. நாலு மருந்து, ஒவ்வொண்ணுக்கும் ஒவ்வொரு நேரம். பழைய சொட்டை இப்போதைக்குத் தொடவே கூடாது. ஒரு வேளை மாறினாலும் கண்ணு போயிடும்." டாக்டர் இருவரையும் பார்த்தார். "இப்போ நான் யார்கிட்ட சொல்லட்டும்?"

"அவன்கிட்ட சொல்லுங்க" என்றார் அண்ணன். "அவன் எனக்குச் சொல்லுவான்."

டாக்டர் தம்பியிடம் சொன்னார். நீல மூடி, வெள்ளை மூடி, களிம்பு, மாத்திரை. எது எத்தனை மணிக்கு, எதற்கும் எதற்கும் நடுவே எவ்வளவு இடைவெளி, கழுத்தில் மாட்டுகிற வளையத்தைப் பத்து நாளைக்கு ஏன் கழற்றக்கூடாது, அழுத்தம் பார்க்க என்றைக்குத் திரும்பி வர வேண்டும். அண்ணன் ஒரு முழம் தள்ளித்தான் உட்கார்ந்திருந்தார். எல்லாம் அவர் காதிலும் விழுந்தது.

டாக்டர் உள்ளே போனதும் தம்பி திரும்பி உட்கார்ந்தான். நாலு வருஷத்தில் முதல்தடவையாக அண்ணனின் முகத்தைப் பார்த்து, எல்லாவற்றையும் முதலிலிருந்து சொன்னான். நீல மூடி நாலு வேளை. வெள்ளை மூடி இரண்டு வேளை. இரண்டுக்கும் நடுவே பத்து நிமிஷம். களிம்பு தூங்கப் போகும் முன்னால். மாத்திரை காலையில் ஒன்று. அண்ணன் புதிதாகக் கேட்பவர் போலத் தலையாட்டிக் கேட்டுக்கொண்டார். மாத்திரை வரைக்கும் சொல்லி முடித்தவன் மூச்சு வாங்கவில்லை. குரலையும் மாற்றாமல், "அந்தக் கண்ணாடியை மாத்திப் பூட்டினது நான்தான்ணே. மன்னிச்சிடு" என்றான்.

நீ இல்லடா, நான்தான் மாத்தி எழுதியிருப்பேன் என்று சொல்ல அண்ணனுக்குத் தொண்டை வரை வந்தது. நான்தான் சீட்டைக் கிழிச்சேன் என்பதும் வந்தது. எதை முதலில் சொல்வது என்று தெரியாமல் இரண்டும் முட்டிக்கொண்டு நின்றன.

"இன்னொரு தடவை சொல்லுடா" என்றார்.

எதை என்று தம்பிக்குப் புரியவில்லை. நீல மூடியிலிருந்து ஆரம்பித்தான்.